மறைவதும் ஒரு நடிப்பு: ஜப்பானிய மௌனப்படங்களில் நிஞ்சா வித்தை

நிஞ்சா என்றதும் இன்று நினைவுக்கு வருவது கறுப்புடை அணிந்த ஒற்றன். ஜப்பானிய மௌனப்படக் காலத்து நிஞ்சாவோ மந்திரவாதி. விரல்களைக் கோத்து முத்திரை பிடிப்பான். மறைவான், தவளையாவான், எலியாவான். திரையில் இந்த வித்தையை உருவாக்கியதும் மாற்றியதும் மூன்று வழிகள்.

முதல் வழி, கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடக மேடை. நிக்கி தஞ்ஜோ என்ற வில்லன் எலியாக மாறி, திருடிய சுருளேட்டோடு தப்புவான். பார்வையாளர் நடுவே நீளும் நடைமேடையின் பொறிக்கதவு வழியே, புகை சூழ, அதே சுருளை வாயில் கவ்வியபடி மனித உருவில் எழுவான். இங்கே மாயம் முழுக்க நடிகரின் நிமிர்வில்தான்.

இரண்டாவது, கேமரா வழி. கியோட்டோவில் இயக்குநர் மகினோ ஷோசோவும் நடிகர் ஓனோஎ மட்சுனோசுகேயும் 1909 முதல் சேர்ந்து உழைத்தார்கள். உருட்டி விழிப்பதில் பேர்போன மட்சுனோசுகேக்கு ‘கண்முழி மாத்சான்’ என்றே செல்லப்பெயர். 1921இல் வந்த ‘ஜிரையா’ படத்தில் அவர் முத்திரை பிடித்ததும் பெரிய தவளை நிற்கிறது. நுட்பம் எளியது: கேமராவை நிறுத்தி, ஆளை மாற்றி, மறுபடி ஓட்டுவது. அந்த இடைவெளியில் மற்றவர்கள் அசையக் கூடாது. ஒரு கை நகர்ந்தாலும் ஒட்டு தெரிந்துவிடும். உச்சக் கட்டத்தில் சிலையாய் உறைந்து நிற்கும் ‘மியே’ கபுகியில் வேரூன்றிய பழக்கம். மேடையின் அந்த ஒழுக்கம் கேமராவுக்கு அப்படியே கைகொடுத்தது.

மூன்றாவது, வாள் வழி. 1920களில் இளைய தலைமுறை வேகமும் ஆவேசமும் கேட்டது. 1925இன் ‘ஒரோச்சி’ படத்தில் நடிகர் பந்தோ ட்சுமசபுரோவுக்கு மந்திரம் இல்லை, சூழ்ந்து வரும் கூட்டத்தோடு மூச்சிரைக்கப் போராடுகிறார். மறு ஆண்டே மட்சுனோசுகே காலமானார்.

தரம் பார்ப்பதற்கு அளவுகோல் மூன்று: முத்திரையில் தெளிவு, மாற்றத்தில் ஒட்டுத் தெரியாமை, திரையருகே நின்று கதை சொன்ன பென்ஷியின் குரல் காட்சியோடு இணைவது. முதலிரண்டை இன்றும் சோதிக்கலாம்; மூன்றாவது அந்தந்த அரங்கோடு போயிற்று.

மட்சுனோசுகே நடித்த நூற்றுக்கணக்கான படங்களில் மிஞ்சியவை மிகச் சில. ‘ஜிரையா’ அவற்றில் ஒன்று. பார்க்கக் கிடைத்தால் தவளையை மட்டும் பார்க்காதீர்கள். பக்கத்தில் நிற்பவர்களையும் பாருங்கள். வித்தையில் பாதி அவர்களுடையது.