ஒரே இரவில் மூன்று, ஆள்தான் வரவில்லை

1987 மார்ச்சில் மாட்ரிட் நகரில் கோயா திரைப்பட விருதுகளை முதல்முறையாகக் கொடுத்தார்கள். சிறந்த இயக்கம், சிறந்த திரைக்கதை, சிறந்த நடிகர் என்று மூன்று முறை வாசிக்கப்பட்டது ஒரே பெயர்: ஃபெர்னாண்டோ ஃபெர்னான் கோமெஸ். வாங்கிக்கொள்ள அவர் வரவில்லை.

ஸ்கோர்கார்டைப் பார்த்து ‘ஆல்ரவுண்டர்’ என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடலாம். சுமார் 200 படங்கள், நாடகங்கள், நாவல்கள், தொலைக்காட்சித் தொடர்கள், போதாக்குறைக்கு ஸ்பானிய மொழி அகாடமியில் ஓர் இருக்கை. ஆனால் நடிப்பு ஒரு பக்கம், எழுத்து இன்னொரு பக்கம் என்று இவரைப் பிரிக்க முடியாது. எழுத எழுதத்தான் நடிப்பு மெருகேறியது என்பது என் கட்சி.

அம்மா நாடக நடிகை. நாடகக்குழுவோடு தென் அமெரிக்காவில் சுற்றிக்கொண்டிருந்தபோது, 1921-ல் லிமா நகரில் பிறந்த பிள்ளை இவர். செம்பட்டை முடி, பெரிய மூக்கு. கதாநாயக முகம் இல்லை. ஆனாலும் நாற்பதுகளில் நகைச்சுவை நாயகனாக ஓடினார். சம்பாதித்துக் கொடுத்தது நடிப்பு. மனசு இருந்தது எழுத்திலும் இயக்கத்திலும். அங்கே அடிமேல் அடி. 1963-ல் எடுத்த ‘உலகம் போய்க்கொண்டே இருக்கிறது’ சர்வாதிகாரி ஃபிராங்கோ காலத் தணிக்கையில் சிக்கி, பெயருக்குத் திரைக்கு வந்து மறைந்தது. 2015-ல்தான் ஒழுங்காக வெளியானது. அவர் இறந்து எட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.

1973-ல் விக்தோர் எரிஸெ இயக்கிய ‘தேன்கூட்டின் ஆவி’. தேனீ வளர்க்கும் அப்பா வேடம். வசனம் சொற்பம். இரவில் மேசை முன் உட்கார்ந்து கண்ணாடித் தேன்கூட்டைப் பற்றி எழுதுகிறார். கடைசிச் சொற்களை அடித்துவிடுகிறார். நடிக்க வேண்டிய சோகத்தை அந்தப் பேனாவிடம் விட்டுவிட்டு, முகத்தைச் சும்மா வைத்திருக்கிறார். மகள்களுக்கு விஷக்காளானைக் காட்டிக் கொடுத்துவிட்டு பூட்ஸால் நசுக்கும் இடத்திலும் அதே கணக்குதான். நாற்பதுகளின் நாயகன் அங்கே ஒரு புருவமாவது தூக்கியிருப்பார்.

அடுத்த ஆண்டு அரசுத் தொலைக்காட்சிக்காக ‘எல் பிகாரோ’ தொடரை இயக்கி, எழுத்திலும் கைவைத்து, நாயகனாகவும் நடித்தார். 1977-ல் குளியலறையை விட்டு வெளியே வராத மனிதனாக நடித்து பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக்கரடி விருது. 1985-ல் ‘ஸ்திகோ’வுக்கு இன்னொன்று.

உச்சம் 1986-ல். ‘எங்கும் சேராத பயணம்’ முதலில் அவரே எழுதிய வானொலித் தொடர், பிறகு நாவல், பிறகு படம். ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் குழு ஒன்றைச் சினிமா மெல்லத் தின்றுவிடும் கதை. முக்கிய வேடத்தை ஹோசே சாக்ரிஸ்தானுக்குக் கொடுத்துவிட்டு, கிழட்டு நடிகர் தோன் அர்த்தூரோவைத் தனக்கு வைத்துக்கொண்டார். அந்தக் கிழவருக்கு ஒரு சினிமாவில் துக்கடா வேடம் கிடைக்கிறது. ‘எஜமான்!’ என்று கூப்பிட வேண்டும், அவ்வளவுதான். கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டிய நாடகக் குரலில் இழுக்கிறார், மறுபடி, மறுபடி. குறைக்கவே தெரியவில்லை. கேமரா முன் குறைத்து நடிப்பதில் கரைகண்டவர், குறைக்கத் தெரியாதவரின் அவமானத்தை நடிக்கிறார். சிரிப்பு வரும், அடுத்த நொடியே சங்கடமாக இருக்கும். இந்தக் காட்சியை எழுதியவரால்தான் இப்படி நடிக்க முடியும்.

மைனஸ் இல்லையா? உண்டு. பிழைப்புக்காக ஒப்புக்கொண்ட சுமாரான படங்கள் ஏராளம். அந்த இடிக்குரல் கைவசம் இருந்ததால் சில இடங்களில் அதன்மீதே சாய்ந்துகொண்டார். 1998-ல் வந்த ‘தாத்தா’வில் அது அப்பட்டம். ஆனால் மறு ஆண்டே, ‘வண்ணத்துப்பூச்சியின் நாக்கு’ படத்தில் குடியரசுக் காலப் பள்ளிக்கூட வாத்தியாராக வந்து கணக்கை நேர்செய்தார். உள்நாட்டுப் போர் வெடித்து, கைதிகளோடு லாரியில் கொண்டுபோகப்படும்போது, தான் பாடம் சொல்லிக்கொடுத்த சிறுவனே கல்லெறிகிறான். வாத்தியாருக்கு அங்கே ஒரு வரி வசனம் கிடையாது; கேட்டு வாங்கியிருந்தால் படம் கெட்டிருக்கும்.

கோயா விருதுக்கு வாக்களித்தவர்கள் மறுபடி அவரைச் சிறந்த நடிகராகத் தேர்ந்தெடுத்தது என்னவோ ‘தாத்தா’வுக்குத்தான்.