புகையில்லாச் சமையலறை: கனவுப் பொறிகளின் கதை

கனவையும் கருவியையும் இணைத்த பெரும் படைப்பு 'இன்செப்ஷன்'தான் என்ற பேச்சு சினிமாக் கட்டுரைகளில் நிலைத்துவிட்டது. 2010இல் வந்த அந்தப் படத்தின் கருவி செய்யும் காரியம் என்ன? ஒரு தொழிலதிபரின் வாரிசு தூங்கும்போது, தந்தையின் நிறுவனத்தைக் கலைத்துவிடும் எண்ணத்தை அவன் மனத்தில் நட்டுவிட்டு வருகிறது. அது கன்னக்கோல். கனவை நனவில் ஓடவிடும் பொறி வேறு வகை. அதன் வரலாறு பழையது, வளமானது.

1956இல் 'ஃபார்பிடன் பிளானட்' படத்தில் கிரெல் என்னும் வேற்றுக்கிரக இனம் எண்ணத்தைப் பொருளாக்கும் பெரும் இயந்திரத்தை நிலத்தடியில் கட்டியது. உறங்கும் மனமும் ஆணையிடும் என்பதை மறந்ததால் ஒரே இரவில் அழிந்தது. 1961இல் எழுத்தாளர் லெம்மின் 'சோலாரிஸ்' நாவலில் வரும் கடல், இயந்திரமே இல்லாமல் அந்த வேலையைச் செய்தது. சுட்சுயி 1993இல் எழுதிய 'பாப்ரிகா' நாவலை சதோஷி கோன் 2006இல் படமாக்கினார். அதில், திருடுபோன கனவுக் கருவி ஒன்றிலிருந்து வழிந்த கனவு, குளிர்சாதனப் பெட்டிகளும் பொம்மைகளும் ஊர்வலம் போகும் வெள்ளமாக நகரத்துக்குள் புகுந்தது. அழகான படைப்புகள்தாம். ஆனால், எல்லாவற்றிலும் கனவு என்றால் பேரழிவு.

இந்த அச்சத்தை அறக்கேள்வியாக உயர்த்தியவர் உர்சுலா லெ குவின். 1971இல் வெளிவந்த 'தி லேத் ஆஃப் ஹெவன்' நாவலில் ஜார்ஜ் ஓர் என்பவன் காணும் சில கனவுகள் உலகத்தையே மாற்றிவிடும். மருத்துவர் ஹேபரின் அறைச் சுவரில் தொங்கும் மலைப் படம், ஒரு சிறு தூக்கத்துக்குப் பின் குதிரைப் படமாகிறது. அது எப்போதும் குதிரைதான் என்று வரலாறே திருந்திக்கொள்கிறது. ஹேபர் தன் கருவியோடு ஓரைப் பிணைத்து உலகைச் சீர்திருத்தத் தொடங்குகிறார். மக்கள்தொகை குறைய வேண்டும் என்கிறார். கொள்ளைநோயில் கோடிக்கணக்கானோர் மடிந்த கடந்தகாலம் உருவாகிறது. நிறவெறி ஒழிய வேண்டும் என்கிறார். எல்லோரும் சாம்பல் நிறமாகிறார்கள். ஜன்னலில்லாத அறையில் தொடங்கியவர் பெரிய நிறுவனத்தின் தலைவராகிறார். காண்பவன் ஒருவன், விசை இன்னொருவன் கையில். இவ்வகைக் கதைகளின் மையக் கேள்வி இதுதான்.

அந்தக் கேள்விக்கான விடை, அந்த நாவலுக்கு 66 ஆண்டுகள் முன்பே சென்னையில் அச்சாகியிருந்தது. கமலா சத்தியநாதன் நடத்திய 'இந்தியன் லேடீஸ் மேகஸின்' இதழில், 1905இல், வங்கத்து ரொக்கேயா ஆங்கிலத்தில் எழுதிய 'சுல்தானாவின் கனவு' வந்தது. அதில் சுல்தானா கனவில் காணும் நாட்டின் சமையலறையில் கரியில்லை, புகையில்லை, புகைபோக்கியும் இல்லை. பூச்செடிகள் சூழ்ந்த ஜன்னல். எப்படிச் சமைக்கிறீர்கள் என்று சுல்தானா கேட்க, வெயிலின் வெப்பத்தைத் திரட்டிக் கொண்டுவரும் குழாயைக் காட்டி, அங்கேயே எதையோ சமைத்தும் காட்டுகிறாள் அவளை அழைத்துச் சென்ற பெண். ஊதுகுழலோடு கண்கலங்கி உட்கார்ந்த ஒருத்திக்கு இதைவிடப் பெரிய இயந்திரம் என்ன இருக்க முடியும்?

அந்தக் கதையில் பெண்கள் பல்கலைக்கழகம் ஒன்று மேகத்திலிருந்து நீரை இறக்குகிறது. இன்னொன்று சூரிய வெப்பத்தைச் சேமிக்கிறது. அதையெல்லாம் வெறும் கெட்ட கனவு என்று ஆண்கள் சிரிக்கிறார்கள். பிறகு படையெடுத்து வந்த எதிரியை விரட்டியது அந்த வெப்பம்தான். கடைசியில் வான்வண்டியிலிருந்து சறுக்கி விழுந்து சுல்தானா கண் விழிக்கிறாள்.

கனவு இங்கே வெறும் கதைச்சட்டம்தானே என்பார்கள். இல்லை. லெ குவினின் கருவிக்கு ஒரு முதலாளி இருந்தார். ரொக்கேயாவின் பொறிகள் கல்விக்கூடங்களில் பிறந்து அடுப்படி வரை வந்தன. ஆண்களை வீட்டுக்குள் அடைத்த அவரது கற்பனை நாடு முழு நீதி உடையதல்ல. ஆனாலும், நம் அறிவியல் புனைகதை தொடர வேண்டிய தடம் அதுவே. கனவிலிருந்து பொறிக்குப் போகும் வழி பள்ளிக்கூடம் வழியாகத்தான் என்று அவர் நம்பினார். 1911இல் கல்கத்தாவில் எட்டு மாணவிகளோடு பெண்கள் பள்ளி ஒன்றைத் திறந்தார். அது இன்றும் நடக்கிறது.