கொரியப் பழியும் காவிரிக் கணக்கும்

போங் ஜூன்-ஹோவின் ‘மெமரீஸ் ஆஃப் மர்டர்’ (2003) விளைந்த நெல்வயலில் தொடங்குகிறது. வயலோர வடிகாலுக்குள் ஒரு பெண்ணின் பிணம். புது ஆறு பாயும் காவிரி டெல்டாவின் பூதலூரில் இருந்து பார்ப்பவருக்கு அந்த வரப்பும் சேறும் பழக்கமானவையே. பழக்கமில்லாதது ஒன்றுதான்: படம் முடியும்போதும் கொலைகாரன் அகப்படுவதில்லை.

தென்கொரியாவின் ஹ்வாசோங் பகுதியில் 1986 முதல் 1991 வரை நடந்த கொலைகள்தான் இதன் மூலம். போலீஸ் கிடைத்தவனை எல்லாம் அடித்தது. செய்யாத கொலைக்கு ஒருவர் 20 ஆண்டு சிறையில் கிடந்தார். உண்மைக் குற்றவாளி 2019இல் மரபணுச் சோதனையில் தெரியவந்தபோது வழக்குக்கான காலக்கெடுவே முடிந்திருந்தது. பழிவாங்க ஆளின்றி, காயம் ஊருக்கே சொந்தமாகிவிடுகிறது. கொரியத் திரில்லரின் உச்சம் என்று நான் வைப்பது இதைத்தான்.

பார்க் சான்-வூக்கின் பலம் வேறு. ‘ஓல்ட்பாய்’ (2003) படத்தில் பழியை முழுசாகத் தீர்த்தவன் லிஃப்டில் தன்னையே சுட்டுக்கொள்கிறான். ‘லேடி வெஞ்சென்ஸ்’ (2005) இன்னும் கூசவைக்கும். பிள்ளைகளைப் பறிகொடுத்த பெற்றோர் மழைக்கோட்டு மாட்டி, வரிசையில் காத்திருந்து கொலைகாரனைக் குத்துகிறார்கள். பிறகு கேக் சாப்பிட்டபடி, பிள்ளைகளை மீட்கக் கொடுத்த பணத்தைத் திரும்பப் பெற வங்கிக் கணக்கு எண் தருகிறார்கள். கோபம் வடிந்த கையோடு கணக்குப் பார்க்கும் மனிதரை நம் சினிமா காட்டியதாக எனக்கு நினைவில்லை.

குறையும் சின்னதல்ல. கிம் ஜீ-வூனின் ‘ஐ சா தி டெவில்’ (2010) நாயகனின் வருங்கால மனைவியைத் தொடக்கத்திலேயே கொன்றுவிட்டு, அவன் சீற்றத்துக்கு விறகாக்குகிறது. பழி வீண் என்று கதை சொல்ல, கேமராவோ சித்திரவதையை ருசிக்கிறது. தமிழுக்கு இந்த ருசிதான் சீக்கிரம் வந்தது. நித்திலன் சாமிநாதனின் ‘மகாராஜா’ (2024) கெட்டிக்காரப் படம். ஆனால் ஒரு சிறுமிக்கு நேர்ந்த கொடுமையை முடிச்சுக்காக ஒளித்துவைக்கிறது. அவள் வலி நமக்குத் திடுக்கிடலாக மட்டும் வந்து சேர்கிறது.

டெல்டாவுக்கே ஒரு கதை உண்டு. அன்றைய தஞ்சை மாவட்டத்துக் கீழ்வெண்மணியில், 1968 டிசம்பர் 25 இரவு, கூலி கேட்ட தலித் உழவர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரே குடிசையில் எரிக்கப்பட்டார்கள். இதற்காகத் தண்டிக்கப்பட்ட மிராசுதாரை உயர் நீதிமன்றம் விடுவித்தது. 1980இல் அவரை வெட்டிக் கொன்றார்கள். வணிகப் படமாயின் அங்கே ‘சுபம்’ போட்டிருப்பார்கள். இந்தச் சம்பவத்தை வைத்து எழுதிய இந்திரா பார்த்தசாரதியின் ‘குருதிப்புனல்’ (1975) நாவல், பண்ணையாரின் கொடுமைக்கு அவரது ஆண்மைக்குறைவைக் காரணம் காட்டி விமர்சனத்துக்கு ஆளானது. ஊர்ப் பகையைத் தனிமனிதக் கோளாறாகச் சுருக்கும் அதே சறுக்கல்தான் கொரியப் படங்கள் பலவற்றிலும்.

வெற்றிமாறனின் ‘அசுரன்’ (2019) பாதிக்கிணறு தாண்டியது. எரியும் குடிசைகள் வெண்மணியை நினைவூட்டுகின்றன. குடித்துக் கூனி நடக்கும் நாயகன் சிவசாமிதான் ஒருகாலத்தில் பழி தீர்த்தவன். பழிக்குப் பின் ஒருவன் என்ன ஆவான் என்பதற்கு அந்த நடையே போதும். ஆனால் தியேட்டர் விசிலடித்தது அவன் மறுபடி ஆயுதம் எடுத்தபோது. அந்த விசிலுக்கு ஏற்றபடிதான் வெற்றிமாறனும் காட்சியை அமைத்திருந்தார்.

‘ஓல்ட்பாய்’ பார்த்துவிட்டவர்கள் வெண்மணி பற்றிய பாரதி கிருஷ்ணகுமாரின் ‘ராமையாவின் குடிசை’ ஆவணப்படத்தையும் தேடிப் பாருங்கள்.