கேமரா எங்கே தொங்குகிறது?

மலையேறியும் இயக்குநருமான ஜிம்மி சின் எடுத்த மலையேற்றப் படங்களை முதல் தடவை பார்க்கிறவர்களுக்கு ஒரே கவலைதான்: விழுந்துவிடுவாரோ? பயப்படுகிற வேலையை அந்தத் தடவையோடு முடித்துவிடுங்கள். இரண்டாம் தடவை ஏறுகிறவரை விட்டுவிட்டு, அவரைக் காட்டும் கேமரா எங்கே இருக்கிறது என்று தேடுங்கள்.

'ஃப்ரீ சோலோ'விலிருந்து தொடங்கலாம். 2019-ல் ஆஸ்கர் வாங்கிய ஆவணப்படம். கலிஃபோர்னியாவின் யோசெமிட்டியில் இருக்கிறது எல் கேப்பிடன் என்ற செங்குத்துப் பாறை. உயரம் சுமார் 3,000 அடி. 2017 ஜூன் 3 அன்று அலெக்ஸ் ஹானல்ட் கயிறே இல்லாமல் அதில் ஏறினார். ஆன நேரம் 3 மணி 56 நிமிடம். கயிறு இல்லாதது அவருக்கு மட்டும்தான். பாறையில் இருந்துகொண்டு படமெடுத்தவர்கள், சின் உட்பட, கயிற்றில் தொங்கிக்கொண்டிருந்தார்கள். எல்லோரும் கைதேர்ந்த மலையேறிகள். மேலிருந்து ஒரு லென்ஸ் மூடி நழுவினால்கூடக் கீழே ஏறிக்கொண்டிருப்பவரின் உயிர் போய்விடலாம். அப்படிப்பட்ட இடத்துக்கு வெறும் ஒளிப்பதிவாளரை அனுப்ப முடியாது.

சுமார் 2,000 அடி உயரத்தில் வரும் 'போல்டர் ப்ராப்ளம்' பகுதியை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். கட்டைவிரல் நுனி மட்டும் பதிகிற ஒரு புடைப்பு. அதில் ஒரு கட்டைவிரலை எடுத்து இன்னொன்றை வைக்க வேண்டும். பிறகு இடது காலை எதிர்ச்சுவருக்குக் கராத்தே உதைபோல வீச வேண்டும். இங்கே பக்கத்தில் ஆளே இல்லை. தொலைவிலிருந்து இயக்கும் கேமராக்களைப் பொருத்திவிட்டு விலகிப் போய்விட்டார்கள். ஹானல்டின் கவனம் கலையக்கூடாது என்பது ஒரு காரணம். நண்பன் விழுவதைக் கைக்கெட்டும் தூரத்திலிருந்து யார் படமெடுப்பது? கீழே தரையில் ஒரு ஒளிப்பதிவாளர் லென்ஸைப் பாறைமேல் நிறுத்திவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். எனக்குப் படத்தின் உச்சக்காட்சி அதுதான். சிகரம் அதற்குப் பிறகுதான். பின்னணி இசைதான் சில இடங்களில் தேவைக்கு மேல் மிரட்டுகிறது; அதை ஒதுக்கிவிட்டு மூச்சுச் சத்தத்தைக் கேளுங்கள்.

அதற்கு முன் 2016-ல் ஹானல்ட் இதே பாறையில் ஏறத் தொடங்கிப் பாதியில் விட்டார். கேமராக்களும் அவரை உறுத்தினவோ என்ற சந்தேகத்தைப் படம் மறைக்கவில்லை. அந்த நேர்மைக்காகவே இதை இன்னொரு முறை பார்க்கலாம்.

'மேரு' (2015) வேறு ரகம். கர்வால் இமயமலையில் கங்கோத்ரிப் பக்கத்துச் சிகரம். கான்ராட் ஆன்கர், சின், ரெனான் ஓஸ்டர்க் மூவரும் 2008-ல் உச்சிக்குச் சுமார் 100 மீட்டர் கீழே திரும்பினார்கள், 2011-ல் தொட்டார்கள். சுவரில் படமெடுக்கத் தனி ஆள் கிடையாது. ஏறுகிற கையே கேமராவையும் பிடிக்கிறது. அதனால் ஒரு காட்சி சட்டென்று அறுபட்டால் ஏன் என்று யோசியுங்கள். அந்த நிமிடம் கை வேறு எதையோ பிடிக்க வேண்டியிருந்திருக்கும்.

இரண்டு படங்களுக்கும் சின்னின் மனைவி எலிசபெத் சாய் வாசர்ஹெலி இணை இயக்குநர். அவர் மலையேறி அல்ல. வீட்டில் காத்திருப்பவர்கள் இத்தனை நேரம் பேசுவது அவரால்தான் என்பது என் ஊகம். 'மேரு'வில் ஆன்கரின் மனைவியும் பேசுகிறார். அவருடைய முதல் கணவர் அலெக்ஸ் லோ, ஆன்கரின் நெருங்கிய நண்பர். 1999-ல் பனிச்சரிவில் இறந்தவர். இது தெரிந்துகொண்டு அந்த அம்மா பேசும் காட்சிகளைப் பாருங்கள். பனிக்காட்சி எப்போது வரும் என்று ஓட்டிவிடாதீர்கள்.