கேட்டு நடித்தவர்

டி. எஸ். பாலையாவைப் புகழ்கிறவர்கள் முதலில் அவர் குரலைத்தான் சொல்வார்கள். எனக்கோ அந்தக் குரல்மீதுதான் குறை. 1936-இல் ‘சதிலீலாவதி’ வழியாகச் சினிமாவுக்கு வந்தபோதே அவர் நாடக மேடையில் பழகியவர். கொட்டகையின் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும் என்று சொல்லை இழுத்து, முடிவில் ஒரு வெட்டு வெட்டிப் பேசும் பழக்கம் மைக் வந்த பிறகும் அவரை விடவில்லை. ‘மதுரை வீரன்’ (1956) நரசப்பன் வாயைத் திறந்ததுமே வில்லன் என்று தெரிந்துவிடுகிறது. அப்புறம் சூழ்ச்சியில் என்ன ருசி? ‘தூக்குத் தூக்கி’யில் (1954) அவர் பேசிய சேட்டுத் தமிழ் கொட்டகையைச் சிரிக்க வைத்தது, அந்தக் கேலியைப் பின்னால் வந்தவர்கள் கூசாமல் நகலெடுத்தார்கள்.

எதிரே இருப்பவர் பேசும்போதுதான் அவர் பெரிய நடிகர். ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) மகனாக வரும் நாகேஷ் அப்பா பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்கிறார். பேச்சும் சத்தமும் நாகேஷுடையவை. பாலையாவுக்கு மிஞ்சியது முகம் மட்டும். முதலில் மகன் ஏதோ உளறுகிறான் என்ற அலட்சியம், பிறகு அரை நம்பிக்கை, அதன்பின் அப்பட்டமான பயம். அந்த முகத்தை எடுத்துவிட்டால் நாகேஷின் கதை வெறும் கூச்சல்.

காஞ்சிபுரத்தை அடுத்த ஐயம்பேட்டைப் பக்கம் பாரதக் கூத்து பார்த்தவர்களுக்கு இந்த வித்தை புதிதல்ல. திரைக்குப் பின்னால் நிற்கும் துரியோதனனை யார், எவர் என்று கேட்டுக் கேட்டே அவனுக்கு உயரம் ஏற்றுபவன் கட்டியங்காரன். கிரீடமும் புஜகீர்த்தியும் ராஜாவுக்கு. விடிய விடியக் கூத்து தொய்யாமல் இருப்பது இவன் கையில். பாலையா திருநெல்வேலிச் சீமைக்காரர், இதைப் பார்த்துப் படித்தார் என்று நான் சொல்லவில்லை.

காஞ்சிபுரத்துக்கும் அவருக்கும் நேரடி உறவு என்றால் அது அவ்வூர்க்காரரான அண்ணா எழுதிய ‘வேலைக்காரி’ (1949). பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தனாக கே. ஆர். ராமசாமி கொதிக்கிறார், நண்பன் மணியாக பாலையா அவரைத் தடுத்து, அறிவால் பழிதீர்க்க வழி சொல்கிறார். அண்ணாவின் அடுக்குமொழியை மேடையில் முழங்குவதுபோல் முழங்கியிருக்கலாம். ஒரு சிநேகிதனின் புத்திமதி அளவுக்கு அதை இறக்கிக்கொண்டார்.

‘திருவிளையாடல்’ (1965) ஹேமநாத பாகவதரிடம் குறையும் நிறையும் ஒன்றாகவே இருக்கின்றன. பாண்டியன் சபையில் பாலமுரளிகிருஷ்ணாவின் குரலுக்கு வாயசைக்கும்போது பழைய மேடை மிகை அப்படியே வருகிறது. ஆனால் அது பாகவதரின் கர்வத்துக்குக் கச்சிதமாகப் பொருந்துகிறது. இரவில் விறகுவெட்டி பாடக் கேட்டதும் அந்த மிடுக்கு மெல்லக் கழல்கிறது. போட்டியில் தன்னை எதிர்த்துப் பாட வேண்டிய பாணபத்திரர் தள்ளிவிட்ட ஆளே இப்படிப் பாடுகிறான் என்றால் பாணபத்திரர் எப்படிப் பாடுவார் என்ற கணக்கு அவர் கண்ணில் ஓடுகிறது. இந்தக் காட்சிக்காக நரசப்பனின் இழுவையைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். சேட்டுத் தமிழுக்கு மட்டும் மனம் இறங்கவில்லை.