மந்திரிப் பதவியும் மக்கள் ஆணையும்

மந்திரிப் பதவி ஏற்ற ஒருவர் தம் தொகுதி மக்களிடம் மீண்டும் சென்று வாக்குக் கேட்கவேண்டும் என்று ஒரு விதி இருந்தது. அரசன் பதவிகளைக் காட்டிப் பாராளுமன்ற உறுப்பினரை வசப்படுத்திவிடுவான் என்ற அச்சத்தில், 18 ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் தோன்றிய அவ்விதி, 1926 இலேயே முற்றாக நீக்கப்பட்டது.

1908 ஏப்ரலில், குடியேற்ற நாட்டு அலுவலகத்தின் உப மந்திரியாயிருந்த வின்ஸ்டன் சர்ச்சில் வர்த்தக மந்திரியாக உயர்த்தப்பட்டார். விதிப்படி மான்செஸ்டர் வடமேற்குத் தொகுதியில் இடைத்தேர்தல் நடந்தது. ஜாய்ன்சன் ஹிக்ஸிடம் 429 வாக்குகளால் அவர் தோற்றார். மறுமாதமே டண்டித் தொகுதியில் நின்று வென்று பதவியைக் காத்துக்கொண்டார். பெண்களுக்கும் வறிய ஆண்கள் பலருக்கும் வாக்கில்லாத காலம் அது. ஆகவே அவ்விதியைச் சனநாயகத்தின் சிகரமென நாம் போற்றவில்லை. ஆயினும், இலங்கை உட்பட எத்தனையோ நாடுகளின் ஆட்சியிற் பங்குகொண்ட ஒருவரை மான்செஸ்டர் வணிகர் வீட்டுக்கு அனுப்ப முடிந்தது. நம் சட்டசபைக்கோ அன்று ஓர் உறுப்பினரைத்தானும் நாம் தெரிவு செய்ய முடியவில்லை.

1931 இல் சர்வஜன வாக்குரிமையும் மந்திரிகளும் நமக்குக் கிடைத்தபோது, அவ்விதி கிடைக்கவில்லை. அதன் விளைவை 1948 இற் கண்டோம்.

1947 தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சியின் வேட்பாளரான முன்னாள் மந்திரி மகாதேவாவைத் தோற்கடித்து ஜீ. ஜீ. பொன்னம்பலத்தை யாழ்ப்பாணம் தெரிவு செய்தது. மறு ஆண்டே அவர் அக்கட்சியின் அரசாங்கத்தில் கைத்தொழில் மந்திரியானார். அவ்வாண்டு டிசம்பரில் இந்திய, பாகிஸ்தானியர் பிரசாவுரிமை மசோதாவை ஆதரித்தார். காங்கேசன்துறைச் சீமெந்து ஆலை போன்ற ஆக்கங்களை அவர் சார்பாகச் சொல்வர். அவற்றை நாம் மறுக்கவில்லை. ஆனால் ஆலைக்கும் தோட்டத் தொழிலாளரின் உரிமைக்கும் இடையே எடைபோட வேண்டியவர் யார்? வாக்களித்த மக்களல்லவா?

மக்கள் வாய்திறக்க 1952 வரை காத்திருந்தனர். யாழ்ப்பாணம் அவரை மீண்டும் ஏற்றது. 1947 இல் தமிழ்க் காங்கிரஸின் சிவபாலனை அனுப்பிய நமது திருகோணமலையோ, அக்கட்சியிலிருந்து பிரிந்தோர் 1949 இல் அமைத்த தமிழரசுக் கட்சியின் இராஜவரோதயத்தை அனுப்பியது. இரண்டும் மக்கள் தீர்ப்புக்களே. ஆனால் அதற்குள் தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலோர் வாக்காளர் இடாப்பிலிருந்தே நீக்கப்பட்டுவிட்டனர். காலங்கடந்த தீர்ப்பு அவர்களுக்கு என்ன பயன் தந்தது?

இன்றைய விகிதாசார முறையிற் பாராளுமன்ற இடைத்தேர்தலே இல்லை. வெற்றிடம் பட்டியலால் நிரப்பப்படுகிறது. ஒரு பக்கம் வாக்குப் பெற்று மறுபக்கம் மந்திரியாவோரைப் பலமுறை கண்டுவிட்டோம். அன்புவழிபுரத்து வகுப்பறையிலாயினும் பிறவிடத்திலாயினும் குடியியல் கற்பிக்கும் நாம், வாக்களிக்கும் முறையோடு பாடத்தை முடித்துவிடலாகாது. கொடுத்த ஆணை மாற்றப்படும்போது மீண்டும் கேட்கப்படும் உரிமையும் மக்களுக்கு உண்டு என்பதை மாணவர்க்கு உணர்த்துவது நம் கடன்.