புறமும் அகமும்: கிர்சனோவின் "இலையுதிர்காலப் பனிமூட்டம்"

கதை கூறுதலே திரைப்படத்தின் தொழில் என்பது பலர் கொள்கை. அக்கொள்கை முற்றும் பொருந்தாது என்பதற்குச் சான்றாய் நிற்பது, 1920களின் இறுதியிற் பிரான்சில் திமித்திரி கிர்சனோவ் ஆக்கிய "இலையுதிர்காலப் பனிமூட்டம்" என்னும் குறும்படம். ஏறத்தாழ 12 நிமிடங்களில் முடியும் இம்மௌனப் படத்தில் நிகழ்ச்சி மிகச் சிறிது. நாடியா சிபிர்ஸ்கயா நடித்த பெண்ணொருத்தி தீயின்முன் இருந்து பழங்கடிதங்களை எரிக்கின்றாள், அவ்வளவே. பிரிவு நேர்ந்தது ஏன் என்பதை விளக்க எழுத்துரையும் இல்லை. 1926இல் வெளிவந்த "மெனில்மொந்தான்" படத்திலும் கிர்சனோவ் இம்முறையையே கையாண்டார்.

சொல்லாதொழிந்தவற்றைச் சொல்வன இலையற்ற கிளைகளும், நீர்மேல் விழும் மழைத்துளிகளும், சேறும், புகையுமே. முதற்பொருளும் கருப்பொருளும் நின்று உரிப்பொருளை உணர்த்தும் நெறியை அகப்பாடல்களிற் பயின்றார்க்கு இஃது அயலான முறையன்று.

1929இல் யோரிஸ் ஐவன்ஸ் மன்னுஸ் பிராங்கனுடன் ஆக்கிய "மழை" என்னும் விவரணப்படத்தோடு இதனை ஒப்பிடல் தகும். ஆம்ஸ்டர்டாம் நகரிற் பல மாதங்கள் படம்பிடித்தவற்றை ஐவன்ஸ் ஒரே மழைப்பொழுதாக இணைத்தார். அம்மழை எவரொருவர் துயருக்கும் உரியதன்று. நகர் முழுமைக்கும் பொது. கிர்சனோவின் மழையோ ஒருத்திக்கே உரியது. கமராவின் பார்வை கூர்மையிழந்து காட்சி மங்குங்கால், மங்கியது நிலமோ, நீர்நிறைந்த அவள் கண்ணோ எனப் பிரித்தறிதல் அரிது. படத்தின் உயிர் அவ்வையத்திலேயே உளது.

குறை ஒன்றுண்டு. அழும் முகத்தை அண்மையிற் காட்டுமிடங்களில், காண்போர் தாமே உணரவேண்டியதைப் படம் முந்திக்கொண்டு உரைத்துவிடுகின்றது. கிளையும் நீரும் கூறியபின் கண்ணீர் மிகையாம். அவள் முகம் மறைந்து நிலம் மட்டும் எஞ்சும் இடங்களே நெஞ்சில் நிலைப்பன.

மாணவர் எழுதும் கதைகளிலும் கவிதைகளிலும் பருவ வருணனை பெரும்பாலும் தொடக்கத்தில் ஒட்டிய அணியாகவே நின்றுவிடுகின்றது. அதனை நீக்கினும் பொருள் குறைவதில்லை. இப்படத்தினின்று இலையுதிர்காலத்தை நீக்கினாலோ, கடிதம் எரிக்கும் ஒருத்தியன்றி வேறொன்றும் எஞ்சாது. வருணனை வேண்டப்படுவதோ அன்றோ என்பதை அளத்தற்கு இதனினும் எளிய அளவுகோல் பிறிதில்லை.